உரித்த கைக்குப் பெயர் என்ன?

இறால் கிரியோல் சமைக்க ஒரு மணி நேரம் போதும். அதில் இறாலுக்கு நான்கு நிமிடம்தான். மீதி நேரமெல்லாம் வெங்காயத்துக்கும் தக்காளிக்கும் போய்விடும். அமெரிக்காவின் தெற்கே, மிசிசிப்பி ஆறு மெக்சிகோ வளைகுடாவில் போய்ச் சேரும் லூசியானா மாநிலத்துச் சமையல் இது. காரமான தக்காளிக் குழம்பில் இறாலைப் போட்டு வெள்ளைச் சோற்றின்மேல் ஊற்றிச் சாப்பிடுவார்கள். இதைக் கேட்டுத் தமிழர் யாரும் மிரளப்போவதில்லை.

பாயான் லெப்பாஸில் நான் வாடகைக்கு இருக்கும் வீட்டில் மாதம் ஒருமுறையாவது இதைச் சமைக்கிறேன். தலையோடு இருக்கும் இறாலை வாங்கி உரித்து, தலையையும் ஓட்டையும் தனியாக ஒரு சட்டியில் தண்ணீர் ஊற்றி 20 நிமிடம் கொதிக்க விடவேண்டும். இன்னொரு சட்டியில் எண்ணெயும் கொஞ்சம் வெண்ணெயும். அதில் வெங்காயம், பச்சைக் குடமிளகாய், செலரித் தண்டு மூன்றையும் பொடியாக நறுக்கி வதக்கவேண்டும். இந்த மூன்றுக்கும் லூசியானாக்காரர்கள் பாதி விளையாட்டாகப் 'பரிசுத்த திரித்துவம்' என்று பெயர் வைத்திருக்கிறார்கள். பிறகு பூண்டு, பிரிஞ்சி இலை, காய்ந்த தைம் இலை, மிளகாய்த்தூள். அவர்கள் கயேன் மிளகாய் போடுவார்கள். நான் சிலி பாடி இரண்டைக் கீறிப் போடுவேன். தக்காளி கரைந்ததும் வடிகட்டிய ஓட்டுத் தண்ணீரை ஊற்றி அரை மணி நேரம் சிறு தீயில் வைக்கவேண்டும். இறால் கடைசியில்தான். அது பாதி வட்டமாக வளைந்ததும் அடுப்பை அணைத்துவிட வேண்டும். முழு வட்டமாகச் சுருண்டுவிட்டால் மென்றுகொண்டே இருக்கலாம், ரப்பர்தான்.

இதைச் சாப்பிட வருகிற நண்பர்கள் முதலில் கேட்பது ஒரே கேள்வி. "இது அசலா?" லூசியானாவில் உண்மையாகவே இப்படித்தான் செய்வார்களா, அல்லது நானே ஏதோ சம்பலைச் செய்துவிட்டு வெளிநாட்டுப் பெயர் வைத்திருக்கிறேனா என்று கேட்கிறார்கள். எல்லா உணவுக்கும் இன்று இந்தக் கேள்வி வருகிறது. பினாங்கு லக்சா அசலா, வாழையிலைச் சோறு அசலா, அசல் என்றால் எந்தக் கடை, எந்தத் தெரு. நானும் கேட்டிருக்கிறேன். ஆனால் இந்த ஒரு சமையலில் அந்தக் கேள்வி நிற்க இடமில்லாமல் தடுமாறுகிறது. காரணம் அதன் பெயர்.

கிரியோல் என்ற சொல் போர்த்துகீசிய, ஸ்பானிய மொழிகளிலிருந்து வந்தது. வந்தேறியவர்களுக்கு அந்த மண்ணில் பிறந்த பிள்ளை என்பதுதான் அதன் பழைய பொருள். லூசியானாவின் பழைய ஆவணங்களில் அங்கே பிறந்த பிரெஞ்சுக்காரரின் பிள்ளையும் கிரியோல், அங்கே பிறந்த ஆப்பிரிக்க அடிமையின் பிள்ளையும் கிரியோல். 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில்தான் அந்தச் சொல் தங்களுக்கு மட்டும் உரியது என்று வெள்ளையர் சிலர் வாதாடத் தொடங்கினார்கள். கலந்து பிறந்தது என்பதையே பெயராகக் கொண்ட ஒன்றிடம் போய், கலப்பில்லாத நீ எங்கே இருக்கிறாய் என்று எப்படிக் கேட்பது? மலாக்கா செட்டிகளை அறிந்த நமக்கு இது புரியாத விஷயமில்லை. வீட்டில் மலாய் பேசி, கோயிலில் மாரியம்மனைக் கும்பிட்டு, பெரனாக்கான் சாயலில் சமைக்கிற அவர்களிடம் 'நீங்கள் அசல் தமிழரா' என்று கேட்பவருக்கு அவர்களைப் பற்றி ஒன்றுமே தெரியாது என்றுதான் பொருள்.

ஆகவே அசல் என்ற கேள்வியை ஒதுக்கிவிட்டேன். ஆனால் அதை ஒதுக்கிய இடம் காலியாக இருக்கவில்லை. வேறொரு கேள்வி வந்து உட்கார்ந்துகொண்டது. அது என் வேலையிலிருந்து வந்தது.

நான் சிப் தயாரிக்கும் தொழிற்சாலையில் தரக்கட்டுப்பாட்டுப் பொறியாளன். எங்கள் வேலையில் ஒவ்வொரு லாட்டோடும் ஒரு ரன் கார்டு போகும். எந்த இயந்திரம், எந்த நேரம், எந்த ஷிப்ட், யார் கையெழுத்து என்று அதில் எல்லாம் இருக்கும். இரண்டு வருடம் கழித்து எங்கோ ஒரு காருக்குள் அந்தச் சிப் பழுதானாலும், அதன் முதுகில் அச்சடித்த எண்ணை வைத்து எந்த நாள் எந்தக் கைகள் வழியாக அது போனது என்று கண்டுபிடித்துவிடலாம். எங்கிருந்து வந்தது என்று தெரியாத பொருளை நாங்கள் குப்பையில்தான் போடுவோம். அப்படிப்பட்டவன் வீட்டுக்கு வந்து ஒரு சமையலைச் செய்கிறான். அது யார் கைவழியாக வந்தது? எந்தக் கையெழுத்து? முதலில் சும்மா ஆர்வத்தில்தான் தேடினேன். தேடப் போன இடத்தில் ரன் கார்டு இருந்தது. அதுதான் என்னைத் தொந்தரவு செய்தது.

நியூ ஆர்லியன்ஸ் நகரத்தைப் பிரெஞ்சுக்காரர்கள் 1718இல் நிறுவினார்கள். அடுத்த வருடமே ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைக் கப்பல்கள் வந்துவிட்டன. நெல் பயிரிடத் தெரிந்தவர்களையும் விதைநெல்லையும் சேர்த்துக் கொண்டுவரும்படி கப்பல் தலைவர்களுக்கு உத்தரவு இருந்தது. பிரெஞ்சு ஆட்சிக் காலத்தில் லூசியானாவுக்குக் கொண்டுவரப்பட்டவர்களில் பெரும்பாலோர் மேற்கு ஆப்பிரிக்காவின் செனகாம்பியா பகுதியைச் சேர்ந்தவர்கள். சோறு தின்கிறவர்கள். இறால் கிரியோல் சோற்றின்மேல் ஊற்றப்படுவது ஏன் என்பதற்கு இதைவிட நீளமான விளக்கம் தேவையில்லை. பிறகு ஸ்பானியர் வந்தார்கள், 1803இல் அமெரிக்கா அந்த நிலத்தை வாங்கியது. ஆட்சி மாறிக்கொண்டே இருந்தது. சமையலறையில் நின்றவர்கள் மாறவில்லை.

அந்தச் சமையல்காரர்களின் பெயர் யாருக்கும் தெரியாது என்றுதான் நினைத்திருந்தேன். குவெண்டலின் மிட்லோ ஹால் என்ற வரலாற்றாய்வாளர் லூசியானாவின் பழைய நீதிமன்றப் பதிவுகளிலும் பத்திரங்களிலும் பல வருடங்கள் தேடி, 1820 வரை அங்கே அடிமைகளாக இருந்தவர்களில் ஒரு லட்சம் பேருக்கு மேற்பட்டவர்களின் விவரங்களைத் திரட்டினார். பெயர், வயது, பிறந்த நாடு, தெரிந்த தொழில். விட்னி பண்ணை என்ற இடத்தில் இன்று இருக்கும் நினைவுச் சுவர்களில் அந்தப் பெயர்களில் 1,07,000 பொறிக்கப்பட்டிருக்கின்றன. எழுத்தில் பெயர் இருந்திருக்கிறது. எதற்காக எழுதி வைத்தார்கள்? விற்பதற்காக, அடமானம் வைப்பதற்காக, செத்தவரின் சொத்தைப் பிரிப்பதற்காக. சமைக்கத் தெரியும் என்று ஒரு பெண்ணைப் பற்றி எழுதியது அவளைப் பாராட்ட இல்லை, விலையைக் கூட்ட. எங்கள் லாட் எண்ணும் அதேதான். சரக்கைப் பின்தொடர்வதற்கான கணக்கு. சரக்கு மனிதராக இருந்தார் என்பது மட்டும்தான் வித்தியாசம்.

விலைப்பட்டியலில் இருந்த பெயர், சமையல் புத்தகத்துக்கு வரும்போது காணாமல் போகிறது. நியூ ஆர்லியன்ஸின் பிக்காயூன் நாளிதழ் 1900இல் ஒரு கிரியோல் சமையல் புத்தகம் வெளியிட்டது. மிகவும் புகழ்பெற்ற புத்தகம். பழைய கறுப்பினச் சமையல்காரிகள் மறைந்து வருகிறார்களே, இனி வீட்டுப் பெண்மணிகள்தான் இந்தக் கலையைக் காப்பாற்ற வேண்டும் என்ற வருத்தம் அதன் முன்னுரையில் இருக்கிறது. புத்தகம் வந்தது நாளிதழின் பெயரில். சமையல் தெரிந்தவர் ஒருவர், பெயர் போட்டுக்கொள்கிறவர் இன்னொருவர்.

1892இல் பிறந்த லீனா ரிச்சர்ட் அந்த ஊரின் கறுப்பினப் பெண். வெள்ளையர் வீட்டில் சமையல் வேலைக்குப் போனவர். பிறகு உணவகங்கள் நடத்தினார், 1937இல் சமையல் பள்ளி தொடங்கினார், 1939இல் 300க்கும் மேற்பட்ட குறிப்புகளோடு தன் பெயரிலேயே ஒரு புத்தகத்தைச் சொந்தமாக அச்சிட்டார். மறுவருடம் ஒரு பெரிய பதிப்பகம் அதை 'நியூ ஆர்லியன்ஸ் குக் புக்' என்று மறுபதிப்பு செய்தது. 1949இல் உள்ளூர்த் தொலைக்காட்சியில் சமையல் நிகழ்ச்சியும் நடத்தினார். கறுப்பினத்தவர் வெள்ளையரோடு ஒரே மேசையில் உட்கார்ந்து சாப்பிட முடியாத காலம் அது. அந்தக் காலத்தில் ஒரு சமையல்காரி 'இது என்னுடையது' என்று அட்டையில் எழுதினார். இந்த ஒரு வரி எவ்வளவு பெரிய காரியம் என்று, அதற்கு முந்தைய 200 வருடக் கதையைப் படித்த பிறகுதான் எனக்கு உறைத்தது.

சரி, தெரிந்துகொண்டாயிற்று. தெரிந்துகொண்டு என்ன செய்வது?

உடனே தோன்றுவது நன்றி. நாம் திருக்குறள் படித்து வளர்ந்தவர்கள். தமிழ்ப்பள்ளியில் செய்ந்நன்றியறிதல் அதிகாரத்தை மனப்பாடம் செய்யாமல் யாரும் ஆறாம் வகுப்பைத் தாண்டியிருக்க மாட்டோம். ஆனால் அந்த அதிகாரத்தைத் திரும்ப எடுத்துப் பார்த்தபோது ஓர் இடத்தில் நின்றுவிட்டேன். அங்கே பேசப்படுவது ஒருவர் மனமுவந்து செய்த உதவி. செய்யாமலும் இருந்திருக்கலாம், ஆனால் செய்தார். அதனால்தான் அது நன்றிக்கு உரியதாகிறது. லூசியானாவின் சமையலறையில் நின்ற பெண் யாருக்கும் உதவி செய்யவில்லை. அவளுக்குச் செய்யாமல் இருக்கும் உரிமை இல்லை. அவளுடைய கைப்பக்குவம் கொடுக்கப்பட்டதில்லை, எடுத்துக்கொள்ளப்பட்டது. என்னிடமிருந்து திருடப்பட்ட பணத்தில் ஒருவன் பிரியாணி சாப்பிட்டுவிட்டு என்னிடம் வந்து 'ரொம்ப நன்றி அண்ணே' என்று கைகூப்பினால் எனக்கு எப்படி இருக்கும்? கொடுக்காததற்கு நன்றி வாங்கிக்கொள்வது இன்னொரு அவமானம்.

ஆகவே நன்றி என்ற சொல் இங்கே பொருந்தவில்லை. கடன் என்ற சொல் பொருந்துகிறது. கடன்பட்டவனுக்குக் கடன் கொடுத்தவரின் சம்மதம் இருந்திருக்க வேண்டிய அவசியமில்லை. எடுத்ததும் கடன்தான். ஆனால் கடனுக்கு ஒரு சிக்கல் இருக்கிறது. திருப்பிக் கொடுக்க ஆள் வேண்டும். ஆள் இல்லாத கடனை எங்கே அடைப்பது?

என் வீட்டுத்தோழனிடம் இதைச் சொன்னபோது அவன் சிரித்தான். "அப்படிப் பாத்தா உலகத்துல எதையும் திங்க முடியாதுடா. ரசத்துல தக்காளி போடுற. தக்காளி எங்கேருந்து வந்துச்சு? மிளகா எங்கேருந்து வந்துச்சு? கப்பல்ல வந்தவன் கொண்ணுட்டுத்தானே எடுத்துட்டு வந்தான்? மெக்சிகோக்காரனுக்குத் தினம் கடன் கட்டுறியா?"

இது லேசான கேள்வி இல்லை. மிளகாயும் தக்காளியும் அமெரிக்கக் கண்டங்களிலிருந்து ஐரோப்பியர்களின் கப்பல்கள் வழியாக உலகம் முழுக்கப் போனவை. அந்தக் கப்பல்கள் செய்த கொலைகளுக்கு அளவில்லை. அவன் கணக்குப்படி பார்த்தால் எந்தச் சட்டியும் சுத்தமில்லை. எல்லாமே அழுக்கென்றால் அழுக்கு என்ற சொல்லுக்கே பொருள் போய்விடும், சும்மா சாப்பிடு என்கிறான்.

பல நாள் யோசித்து எனக்கு ஒரு வேறுபாடு தென்பட்டது. செய்முறை என்பது கொடுத்தாலும் குறையாதது. லீனா ரிச்சர்டின் குறிப்பை நான் பயன்படுத்துவதால் அவருடைய கைமணத்தில் ஒரு சிட்டிகைகூடக் குறைவதில்லை. மிளகாய் விதையும் அப்படியே. நம்மிடம் வந்ததால் மெக்சிகோவில் மிளகாய் அற்றுப்போகவில்லை. உழைப்பு அப்படியில்லை. ஒருவரின் 16 மணி நேரத்தை நான் எடுத்துக்கொண்டால் அந்த 16 மணி நேரம் அவரிடம் இல்லை. பெயரும் அப்படித்தான். ஒரு சமையலின் மேல் என் பெயரை எழுதினால் அங்கிருந்த பெயரை அழித்துத்தான் எழுதியாக வேண்டும். ஆகவே பிறருடைய சமையலைச் சமைப்பதற்கு யாரிடமும் அனுமதி கேட்க வேண்டியதில்லை. எவருக்கும் நட்டமில்லை. உழைப்பையும் பெயரையும் எடுக்கும்போதுதான் கடன் பிறக்கிறது. தோழனிடம் இதைச் சொன்னேன். "சரி, செத்தவங்களுக்குப் பேரச் சொல்லலாம். சாப்பிடு, ஆறுது" என்றான்.

ஆனால் கதை செத்தவர்களோடு முடியவில்லை. இந்தச் சமையலில் தக்காளியைவிட முக்கியமான இன்னொரு பொருள் இருக்கிறதே.

இறாலைப் பிடிப்பதைவிட அதை உரிப்பதுதான் பெரிய வேலை. லூசியானாவின் சதுப்புக் கடலோரத்தில் 19ஆம் நூற்றாண்டிலேயே பிலிப்பினோக்கள் குடியேறியிருந்தார்கள். நம் பக்கத்துத் தீவுக்காரர்கள். தண்ணீருக்கு மேலே மரக்கால்களில் மேடை கட்டி, அதில் இறாலைக் காயப்போட்டு, பிறகு அதன்மேல் வட்டமாக மிதித்து நடந்து ஓட்டை உதிர்ப்பார்கள். பார்த்தவர்கள் அதற்கு 'இறால் நடனம்' என்று பெயர் வைத்தார்கள். பார்ப்பவருக்கு நடனம், மிதிப்பவருக்குக் கூலி வேலை. மணிலா வில்லேஜ் என்ற அப்படி ஒரு மிதவூரை 1965இல் பெட்சி புயல் அடித்துக்கொண்டு போனது. இன்று அமெரிக்காவில் விற்கும் இறாலில் மிகப் பெரும்பகுதி வெளிநாட்டிலிருந்து இறக்குமதியாவது. லூசியானா உணவகங்களில்கூட இறால் எங்கிருந்து வந்தது என்று வாடிக்கையாளருக்குச் சொல்லவேண்டும் என்று 2019இல் அந்த மாநிலம் சட்டம் போடும் அளவுக்கு நிலைமை இருக்கிறது.

அந்த இறால் வருகிற வழிகளில் ஒன்று நமக்கு வடக்கே இருக்கிறது. தாய்லாந்தின் சமுத் சாக்கோன். பேங்காக்கிலிருந்து அதிக தூரமில்லை. அங்குள்ள இறால் உரிக்கும் கொட்டகைகளைப் பற்றி அசோசியேட்டட் பிரஸ் செய்தியாளர்கள் 2015 டிசம்பரில் எழுதினார்கள். மியன்மாரிலிருந்து வந்த ஆண்கள், பெண்கள், குழந்தைகள். விடிகாலை இரண்டு மணிக்குக் கதவில் உதை விழும். பனிக்கட்டித் தண்ணீரில் கையை விட்டு 16 மணி நேரம் உரிக்கவேண்டும். வெளியே போக முடியாதபடி பூட்டு. அவர்களைப் பெயர் சொல்லிக் கூப்பிட மாட்டார்கள். எண் சொல்லித்தான். உரித்த இறால் அமெரிக்கப் பேரங்காடிகளுக்கும் உணவகங்களுக்கும் போயிருக்கிறது. அவற்றில் சில நிச்சயமாக இறால் கிரியோல் ஆகியிருக்கும். அடிமைகளின் கையில் உருவான சமையல், 200 வருடம் கழித்தும் அடைத்து வைக்கப்பட்டவர்களின் கை உரித்த இறாலோடு தட்டுக்கு வருகிறது. பட்டியலில் பெயர் எழுதி விற்ற காலம் போய், எண் மட்டும் போதும் என்ற காலம்.

இதைப் படித்த வாரம் சுங்கை பாக்காப்பில் பாட்டி வீட்டுக்குப் போயிருந்தேன். பாட்டி தோட்டத்தில் பால்மரம் வெட்டியவர். தோட்டம் கைமாறி, செம்பனையாகி, கடைசியில் ஆட்களை வெளியேற்றியபோது குடும்பத்தோடு டவுனுக்கு வந்தார். அதற்குப் பிறகு ஆறு வருடம் ஓர் இறால் கொட்டகையில் வேலை செய்தார் என்று எனக்குத் தெரியும். நான் படித்த பொறியியல் வளாகம் இருக்கும் நிபோங் திபாலுக்குப் பக்கத்தில்தான் அந்தக் கொட்டகை. நான்கு வருடம் அந்த வழியாகப் பேருந்தில் போய்வந்திருக்கிறேன். என்ன வேலை, எப்படி நடக்கும் என்று அதுவரை விவரமாகக் கேட்டதில்லை. அன்று கேட்டேன்.

"என்ன பெரிய வேல. உக்காந்து உரிக்கிறதுதான். காலையில நாலு மணிக்கு வேன் வரும். கிலோவுக்கு 30 காசு. தலையும் ஓடும் கணக்குல வராது, சதைய மட்டுந்தான் நிறுப்பான். அதுலயும் தண்ணி வடியட்டும்னு கூடையில அரை மணி நேரம் வச்சிட்டுத்தான் தராசுல ஏத்துவான். கொம்பு குத்திக் குத்தி விரல் நுனியெல்லாம் வெந்து போயிரும். மஞ்ச தடவிக்குவோம்."

பெயர் எழுதி வைப்பார்களா என்று கேட்டேன்.

"பேரு எதுக்கு? வாளியில நம்பர் எழுதியிருக்கும். நான் பதினாலு."

சொல்லும்போது பாட்டியின் குரலில் புகார் எதுவும் இல்லை. தோட்டத்துச் செக்ரோலில் தன் பெயரைத் தப்பாக எழுதியிருந்ததைச் சொல்லும்போதுகூட இப்படித்தான் சொல்வார். நான்தான் அந்த எண்ணைக் கேட்டுவிட்டு உட்கார்ந்திருந்தேன். சமுத் சாக்கோனையும் பாட்டியின் கொட்டகையையும் ஒன்றாக்க நான் விரும்பவில்லை. பாட்டியை யாரும் பூட்டி வைக்கவில்லை. சாயங்காலம் வேன் வீட்டுக்குக் கொண்டுவந்து விடும். அந்த 30 காசுகள் சேர்ந்துதான் என் அம்மா ஐந்தாம் படிவம் வரை படித்தார். இந்த வேறுபாடு ரொம்பப் பெரியது. அதைச் சின்னதாக்கிப் பேசுவது பூட்டப்பட்டவர்களுக்குச் செய்யும் துரோகம்.

லூசியானாக் கதையையும் தாய்லாந்துக் கதையையும் பாட்டியிடம் சுருக்கமாகச் சொன்னேன். இனிமேல் உரித்த இறாலை வாங்காமல் நானே உரித்துக்கொள்வதுதான் சரி என்று தோன்றுவதாகவும் சொன்னேன். பாட்டி என்னைப் பார்த்த பார்வை மறக்காது.

"ஏன்டா, நீயே உரிச்சுக்கிட்டா உரிக்கிறவளுக்கு ஏது வேல? எல்லாரும் ஒன்ன மாதிரி நெனச்சிருந்தா ஒங்கம்மா பள்ளிக்கூடம் போயிருப்பாளா?" கொஞ்ச நேரம் கழித்து, "கூலி ஒழுங்கா குடுத்தானா, வீட்டுக்குப் போகவிட்டானான்னு கேளு. அதக் கேக்காம இறால் மேல ஏன் கோவப்படுற?" என்றார்.

செய்ந்நன்றியறிதல் அதிகாரத்தை வைத்துக்கொண்டு நான் மூன்று மாதம் சுற்றிக்கொண்டிருந்த இடத்துக்குப் பாட்டி இரண்டு வாக்கியத்தில் வந்துவிட்டார். நான் தேடிக்கொண்டிருந்தது என் கை சுத்தமாக இருப்பதற்கான வழி. நானே உரித்தால் என் தட்டில் அடுத்தவர் கண்ணீர் இல்லை என்று நிம்மதியாகச் சாப்பிடலாம். அந்த நிம்மதி எனக்கு மட்டும்தான் கிடைக்கும். கொட்டகையில் இருப்பவருக்கு அதனால் ஒரு காசு கூடப்போவதில்லை, ஒரு பூட்டு திறக்கப்போவதில்லை. விலகிக்கொள்வது சுலபமான அறம். கேட்பது கஷ்டமான அறம். கேட்டால் கடைக்காரர் முகத்தைச் சுளிப்பார், பாதி நேரம் பதிலே வராது.

கேட்டு என்ன ஆகப்போகிறது என்று சலித்துக்கொள்ளலாம். அந்தச் செய்தியாளர்கள் செய்தது அடிப்படையில் அதைத்தான். இந்த இறால் எங்கிருந்து வருகிறது என்று கேட்டு, லாரிகளைப் பின்தொடர்ந்து, கப்பல் சரக்குப் பதிவுகளைப் புரட்டி, எந்தக் கடை அலமாரியில் போய் நிற்கிறது என்று பார்த்தார்கள். மீன்பிடிப் படகுகளிலும் கொட்டகைகளிலும் நடந்த அடிமை வேலையைப் பற்றிய அவர்களுடைய தொடர் 2016இல் புலிட்சர் பரிசு பெற்றது. 2,000க்கும் மேற்பட்டவர்கள் விடுதலையானார்கள். பெரிய ஏற்றுமதி நிறுவனம் ஒன்று, வெளிக் கொட்டகைகளுக்கு உரிப்பு வேலையைக் கொடுப்பதை நிறுத்திவிட்டுத் தன் ஆலைக்குள்ளேயே கொண்டுவருவதாக அறிவித்தது. இது எங்கள் தொழிற்சாலையில் தினமும் நடக்கும் வேலைதான். சரக்கின் வழியைப் பின்னோக்கிப் பிடித்துக்கொண்டே போவது. வித்தியாசம், வழியின் முடிவில் பழுதான இயந்திரத்தைத் தேடாமல் மனிதரைத் தேடினார்கள்.

பாட்டியின் கேள்வி எனக்கு இன்னொன்றையும் தெளிவாக்கியது. செத்தவர்களுக்கான கடனும் உயிரோடு இருப்பவர்களுக்கான கடனும் ஒரே நாணயத்தில் அடைபடாது. லூசியானாச் சமையல்காரிக்கு இனிக் கூலி கொடுக்க முடியாது. அவளுக்கு மிச்சமிருப்பது பெயர்தான். ஆகவே இந்தச் சமையலைப் பரிமாறும்போது 'இது பிரெஞ்சுக்காரர்கள் கண்டுபிடித்தது' என்று சொல்லாமல், ஆப்பிரிக்கப் பெண்கள் கையில் உருவானது, அதில் பெயர் தெரிந்தவர்களில் ஒருவர் லீனா ரிச்சர்ட், இன்னொருவர் லியா சேஸ் என்று சொல்லலாம். லியா சேஸ் 2019இல் 96 வயதில் இறக்கும் வரை நியூ ஆர்லியன்ஸில் அடுப்பை விடாதவர். அவருடைய உணவகத்தின் மாடியில்தான் மக்கள் உரிமைப் போராளிகள், கறுப்பினத்தவரும் வெள்ளையரும், சேர்ந்து உட்கார்ந்து சாப்பிட்டபடியே கூட்டம் போட்டார்கள். அப்படி உட்காருவதே சட்டவிரோதமாக இருந்த காலம். இவற்றைச் சொல்ல அரை நிமிடம் போதும், சோறு ஆறிவிடாது.

உயிரோடு இருப்பவருக்குப் பெயர் மட்டும் போதாது. இப்போதெல்லாம் சில பாக்கெட்டுகளில் சிரிக்கும் மீனவரின் படமும் அவருடைய கதையும் அச்சாகி வருகின்றன. பார்க்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் கிலோவுக்கு எவ்வளவு கிடைத்தது என்று அந்தப் பாக்கெட்டில் எழுதியிருப்பதில்லை. பாட்டியின் வாளியில் பதினாலுக்குப் பதிலாக அவருடைய பெயரை அழகாக எழுதிவிட்டு, தராசில் மட்டும் தண்ணீர் வடிய வைத்திருந்தால் அது பாட்டிக்கு மரியாதையா? பெயர் போனவர்களுக்குக் கூலியும், கூலி பெற வேண்டியவர்களுக்குப் பெயரும் கொடுத்துக் கணக்கை முடிக்கப் பார்ப்பது, இரண்டு பேரையும் ஏமாற்றும் வேலை.

இப்போதும் இறாலை நான்தான் உரிக்கிறேன். அதற்குக் காரணம் ஓட்டுத் தண்ணீர், அது இல்லாமல் குழம்புக்கு ருசி வராது. அறம் என்று அதற்குப் பெயர் வைப்பதில்லை. அவசரத்துக்கு உரித்த இறாலை வாங்கும் நாளில் எங்கே உரித்தது என்று கடையில் கேட்கிறேன். பெரும்பாலும் தெரியாது என்றுதான் சொல்கிறார்கள். ஒரு கடைக்காரர் மட்டும், "இத்தன வருசத்துல நீதான் தம்பி மொதல்ல கேக்குற, விசாரிச்சு வைக்கிறேன்" என்றார். செய்முறையை எழுதி வைத்திருக்கும் என் நோட்டில், வேலைப் பழக்கத்தில், ரன் கார்டு மாதிரி கட்டம் போட்டிருக்கிறேன். பிடித்தவர், உரித்தவர், சமைத்தவர். மூன்றாவது கட்டத்தில் எப்போதும் என் பெயர் இருக்கிறது. மற்ற இரண்டும் பல பக்கங்களில் காலி. தொழிற்சாலையில் இப்படிக் காலியாக விட்ட கார்டோடு எந்த லாட்டையும் வெளியே அனுப்ப விடமாட்டார்கள்.